ஒன்பதாம் எதிர்மனுதாரர்

தேரியூர்,
6.8.1997

மனுதாரர் அவர்களுக்கு,

ஒன்பதாம் எதிர்மனுதாரர் எழுதிக்கொண்டது. இங்கு நான் நலம். அங்கு நீங்கள் நலமா என்று விசாரிக்கலாமா கூடாதா என்று தெரியவில்லை. எதிராளியிடம் நலம் விசாரித்தால் உங்கள் கேஸ் கெட்டுவிடுமோ என்னவோ.

நேற்று டீ வருகிற நேரம். செக்‌ஷனே கூடியிருந்தது. தபால்காரர் ஒரு பதிவுத் தபாலை என் முன்னால் நீட்டினார். சென்னைத் தீர்ப்பாயத்திலிருந்து. கையெழுத்துப் போட்டு வாங்கிப் பிரித்தேன். மனுதாரர், ப. குற்றாலிங்கம், உதவியாளர், மேலக்கரிசல் தாலுகா அலுவலகம். எதிர்மனுதாரர்களில் முதலாவது அரசு, இரண்டாவது கலெக்டர், மூன்றாவதிலிருந்து துணை வட்டாட்சியர் பதவி உயர்வுக்கான பேனலில் பெயர் வந்த நாங்கள் ஏழு பேரும். கடைசியாக, ஒன்பதாவதாக, ஆ. உலகம்மாள், உதவியாளர், தேரியூர் கலெக்டர் அலுவலகம். மனுதாரருக்கும் எனக்கும் கல்யாணமாகி, ஒரு மகளையும் கட்டிக்கொடுத்தாயிற்று என்பது அந்தத் தாளில் எங்கேயும் இல்லை.

"என்னக்கா, அத்தான் உங்க மேலயா கேஸ் போட்டிருக்காவ? குழம்புல உப்பு கூடிப்போச்சோ?" என்று டைப்பிஸ்ட் சுகிர்தா கேட்டாள். எல்லாரும் சிரித்தார்கள். தேவபிச்சை சார் மட்டும் சிரிக்கவில்லை. அவர் மூன்றாவது எதிர்மனுதாரர். அவர் கையிலும் அதே தபால்.

"என்ன சிரிப்பு? பேனலுக்கே ஸ்டே குடுத்திருக்கான். வெள்ளிக்கெழம வர வேண்டிய ஆர்டரு, இனி எந்த வெள்ளிக்கெழமயோ!" என்றார். என்னைப் பார்த்துக்கொண்டேதான் சொன்னார்.

நீங்கள் கேஸ் போட்டதில் எனக்குக் கோபமில்லை. உங்களுக்கு நடந்தது அநியாயம் என்று ஊரறியச் சொன்னவள் நான்தான். ஆனால் போன சனிக்கிழமை வீட்டுக்கு வந்தீர்கள். டெபுடி தாசில்தாராகப் போகிறோமே என்று நான் புதுச் செருப்பு வாங்கி வைத்திருந்தேன். எடுத்துப் பார்த்து, "நல்லாருக்கே, கடிக்கலையே?" என்று கேட்டீர்கள். அப்படிக் கேட்ட வாய்க்கு இதைச் சொல்ல வரவில்லையா? மத்தியானம் இரண்டு தடவை ரசம் வாங்கிக் குடித்தீர்களே, அப்போதும் வரவில்லையா?

இந்தச் சனிக்கிழமை வர வேண்டாம். ஆபீசுக்கு ஃபோன் பண்ணினால் எடுக்க மாட்டேன். சொல்ல வேண்டியது ஏதும் இருந்தால் எழுத்து மூலம் தெரிவிக்கவும். கோர்ட்டுக்குப் போனவர்களுக்கு எல்லாம் எழுத்தில் இருப்பதுதான் நல்லது.

இப்படிக்கு,
ஆ. உலகம்மாள்


மேலக்கரிசல்,
10.8.1997

அன்புள்ள உலகுக்கு,

எழுத்து மூலம் கேட்டாய், எழுதுகிறேன். உனக்குத் தெரிந்த கதைதான். ஆனாலும் என் பக்கத்தை நீ ஒருமுறை முழுசாகக் கேட்டதில்லை. நான் பேச ஆரம்பித்தால் நீ எழுந்துபோய் அரிசி களைவாய். இப்போது எழுந்துபோக முடியாது.

ஆறு வருஷத்துக்கு முந்தைய புயலில் நல்லமங்கலம் சாலையில் புளியமரம் விழுந்தது. அந்தப் பிர்க்காவுக்கு அப்போது நான்தான் ஆர்.ஐ., வருவாய் ஆய்வாளர். வெள்ளச் சேதம் பார்க்கக் கலெக்டர் வருகிறார், பாதையைச் சரிபண்ணு என்று மேலே இருந்து சொன்னார்கள். ஊர்க்காரர்களைக் கூட்டி மரத்தை அறுத்து ஒதுக்கினேன். கலெக்டருடைய கார் அந்த வழியாகத்தான் போனது. கொஞ்ச நாளில் மெமோ வந்தது. அரசுக்குச் சொந்தமான மரத்தை ஏலம் விடாமல் வெட்டி அரசுக்கு இழப்பு ஏற்படுத்தினேனாம். பதினேழு பி, பெரிய தண்டனைக்கான விதி. மரம் புயலில் விழுந்தது, நான் மரத்தில் விழுந்தேன்.

அதற்குப் பிறகு விசாரணை அதிகாரிகள் எத்தனை பேர் வந்தார்கள் என்று உனக்கே தெரியும். ஃபைலைப் பிரிப்பதற்குள் ஒருவருக்கு மாற்றல். அடுத்தவருக்கும் மாற்றல். ஒருவர்கூட அந்த ஊருக்குப் போகவில்லை. மெமோ நிலுவையில் இருப்பதால் பெயர் தள்ளிவைக்கப்படுகிறது என்று வருஷா வருஷம் ஒரே வரி. எனக்குக் கீழே இருந்தவர்கள் மேலே போனார்கள். அவர்களுக்குக் கீழே இருந்தவர்களும் போனார்கள். இந்த வருஷம் நீயே வந்துவிட்டாய். ஏப்ரல் முப்பதோடு எனக்கு வயது ஐம்பத்தெட்டு, ரிட்டையர்மென்ட். இந்தப் பேனல்தான் எனக்குக் கடைசி. நாற்காலி மேல் எனக்குப் பெரிய பித்து இல்லை, உலகு. மரம் திருடினவன் என்ற பெயரோடு வீட்டுக்கு வந்து உட்கார முடியாது, அவ்வளவுதான்.

உன்னைச் சேர்த்தது வக்கீல். பேனல் நகலைக் கொடுத்ததும், ஏழு பேரையும் போடு என்று குமாஸ்தாவிடம் சொல்லிவிட்டார். "ஏழாவது ஆள் என் வீட்டம்மா சார்" என்றேன். அவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "இருக்கட்டும் சார். பாதிக்கப்படுற ஆள்ல ஒருத்தர விட்டாலும் கேஸு நிக்காது. மச்சான் மேல போட்டவங்க இருக்காங்க, சம்பந்தி மேல போட்டவங்க இருக்காங்க. சம்சாரம் மேல நீங்கதான் ஃபர்ஸ்ட்டு" என்றார்.

இடம் ஏழுதான். நான் ஜெயித்தால் பேனலில் முதல் ஆளாக வருவேன், ஏழாவது ஆளுக்குப் பேனலில் பெயர் இருக்கும், இடம் இருக்காது. அந்த ஏழாவது ஆள் நீ. இதைத்தான் அன்றைக்குச் சொல்ல நினைத்தேன். நீ செருப்பைப் போட்டுக்கொண்டு கூடத்துக்கும் வாசலுக்கும் நடந்து காட்டினாய். கடிக்கலையே என்றுதான் வாயில் வந்தது.

கோபம் தணிந்தால் ஒரு வரி எழுது.

உன் அத்தான்


தேரியூர்,
24.8.1997

மனுதாரர் அவர்களுக்கு,

கடைசியாக வந்தபோது ரத்த அழுத்த மாத்திரையை இங்கேயே மறந்துவிட்டுப் போயிருக்கிறீர்கள். மேலக்கரிசல் பஸ் கண்டக்டர் கையில் கொடுத்தனுப்பியிருக்கிறேன். வழக்கின் உரிமைகளுக்குப் பாதகமின்றி இது அனுப்பப்படுகிறது.

இங்கே என் பாடு என்ன என்று உங்களுக்குத் தெரிய வேண்டும். மற்ற ஆறு பேரும் என்னோடு பேசுவதில்லை. கேன்டீனில் நான் போய் உட்கார்ந்தால் அவர்களுடைய டீ சீக்கிரம் தீர்ந்துவிடுகிறது. நேற்று தேவபிச்சை சாரே வாயைத் திறந்து சொல்லிவிட்டார்.

"தப்பா நெனைக்காதீங்க அக்கா. நீங்க ரெண்டு பேரும் சேந்து ஆட்டம் ஆடுதீங்களோன்னு எங்களுக்கு ஒரு சந்தேகம். அவரு ஜெயிச்சா அவருக்கு, தோத்தா உங்களுக்கு. பதவி எப்படியும் உங்க வீட்டுக்குள்ளதான் வந்து விழும். நடுவுல நாங்க ஆறு பேரு வாயப் பொளந்துக்கிட்டு நிக்கணும்."

சந்தேகம் தீர நான் ஒன்று செய்ய வேண்டுமாம். எல்லாரும் சேர்ந்து வக்கீல் வைத்துப் பதில் மனு தயார் பண்ணியிருக்கிறார்கள். அதில் நானும் கையெழுத்துப் போட வேண்டும். வாங்கிப் படித்தேன். மனுதாரர் கடமை உணர்வு அற்றவர், அரசுச் சொத்தைப் பாதுகாக்கத் தவறியவர், பதவி உயர்வுக்குத் தகுதியற்றவர். உங்களைத் தகுதியற்றவர் என்று சொல்ல எனக்கு மட்டும்தான் உரிமை. அதையும் அடுப்பங்கரையில் வைத்துத்தான் சொல்வேன், தீர்ப்பாயத்தில் சொல்ல மாட்டேன். யோசித்துச் சொல்கிறேன் என்று தாளைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

மகள் பெங்களூரிலிருந்து பக்கத்து வீட்டுக்கு ஃபோன் பண்ணினாள். "ஏம்மா, அப்பா கேஸ்ல நான் எத்தனாவது எதிர்மனுதாரர்?" என்று கேட்டுவிட்டு ஒரே சிரிப்பு. உங்கள் பிள்ளைதானே.

ஒன்று எழுதிவிடுகிறேன், பிறகு எழுத வராது. உங்கள் கடிதத்தை நான்கு தடவை படித்தேன். மரம் இருக்கிறது, மெமோ இருக்கிறது, வக்கீல் இருக்கிறார். எனக்கும் இந்தப் பதவி மேல் ஆசை இருக்கும் என்பது அதில் இல்லை. கைப்பிள்ளையை அம்மாவிடம் விட்டுவிட்டு நானும் பிர்க்கா டியூட்டி பார்த்தவள். இலாகாத் தேர்வுக்கு அடுப்படியில் உட்கார்ந்து படித்தவள். நீங்கள் மேலே போயிருந்தால் நான் பின்னால் சந்தோஷமாக வந்திருப்பேன். நீங்கள் போகாமல் நான் போகிறேனே என்று பேனல் வந்த அன்று ராத்திரி எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. இரண்டும் உண்மைதான். செருப்பு வாங்கியதும் உண்மைதான்.

மாத்திரையைச் சாப்பிட்ட பிறகு போடவும், வெறும் வயிற்றில் வேண்டாம்.

ஆ. உலகம்மாள்


சென்னை,
18.9.1997

அன்புள்ள உலகுக்கு,

திருவல்லிக்கேணி லாட்ஜில் இருந்து எழுதுகிறேன். இன்று வாய்தா. கூப்பிட்டார்கள், அரசு வக்கீல் அவகாசம் கேட்டார், அக்டோபர் பதினாறுக்குப் போட்டுவிட்டார்கள். இதற்குத்தான் ராத்திரி முழுக்க பஸ்ஸில் உட்கார்ந்து வந்தேன்.

அந்தத் தாழ்வாரத்தை நீ பார்க்க வேண்டும். இந்த மாநிலத்தில் எத்தனை இலாகா உண்டோ அத்தனையும் தற்செயல் விடுப்பு எடுத்துக்கொண்டு அங்கே நிற்கிறது. வாத்தியார், கம்பவுண்டர், மீன்வளத்துறை, பத்திரப்பதிவு. எல்லார் கையிலும் ஒரு மஞ்சள் பை. பைக்குள் சீனியாரிட்டி லிஸ்ட், அதற்குமேல் இட்லிப் பொட்டலம். பார்த்த மாத்திரத்தில், "உங்களுக்கு என்ன, பதினேழு ஏவா, பியா?" என்று கேட்கிறார்கள். ஆஸ்பத்திரியில் வியாதி விசாரிப்பது போல.

பெஞ்சில் பக்கத்தில் இருந்தவர் வட ஆற்காட்டுக்காரர். ரிட்டையர் ஆகி எட்டு வருஷமாம். இன்னும் தாசில்தார் பதவி கேட்டு நடக்கிறார். "இனிமே ஜெயிச்சா என்னங்க கெடைக்கும்?" என்று கேட்டேன். "பேத்தி கல்யாணப் பத்திரிகையில பேருக்குப் பின்னாடி தாசில்தார், ஓய்வுன்னு போட்டுக்கலாம் தம்பி" என்றார். விளையாட்டாகச் சொல்லவில்லை. அந்தப் பேத்திக்கு ஜாதகம் பார்க்கிறார்களாம், அதற்குள் தீர்ப்பு வந்துவிட வேண்டும் என்று அவருக்குக் கவலை.

என் கேஸும் ஏப்ரலுக்குள் முடியப்போவதில்லை. எனக்கும் கிடைக்காது, உனக்கும் கிடைக்காது. பேனலுக்கு ஒரு வருஷம்தான் உயிர், ஜூனோடு செத்துப்போகும். நான் எட்டு வருஷம் கழித்து இந்த பெஞ்சில் உட்கார்ந்துகொண்டு, என்னால் ஏழு பேர் வயிற்றெரிச்சலையும் சுமந்துகொண்டு, அதில் ஒரு வயிறு உன்னுடையது என்று தெரிந்துகொண்டு இருக்க வேண்டும்.

நீ எழுதியதைத் திரும்பத் திரும்ப நினைக்கிறேன். உன் ஆசையை நான் கேட்கவில்லைதான். இப்போது கேட்டுப் பயனில்லை, செய்கிறேன். வாபஸ் மனு தயார் பண்ணச் சொல்லிவிட்டேன். அடுத்த வாய்தாவில் கையெழுத்துப் போட்டுவிடுவேன். நீ டெபுடி தாசில்தார் ஆகிவிடு. வீட்டுக்கு ஒருவர் ஆனால் போதும்.

உன் அத்தான்


தேரியூர்,
23.9.1997

அத்தானுக்கு,

வாபஸ் வாங்கினீர்கள் என்றால் நான் அந்த ஆர்டரை வாங்க மாட்டேன். பதவி உயர்வு வேண்டாம் என்று எழுதிக்கொடுத்துவிடுவேன். எழுதிக்கொடுக்க மாட்டேன் என்று நினைத்தால் நீங்கள் என்னை இத்தனை வருஷம் சும்மா பார்த்துக்கொண்டிருந்திருக்கிறீர்கள் என்று அர்த்தம்.

பெண்டாட்டிக்காக விட்டுக்கொடுத்தேன் என்று ஆயுசுக்கும் சொல்லிக்காட்டுவீர்கள். சொல்லிக்காட்டாவிட்டால் பெருமூச்சு விடுவீர்கள். அது அதைவிட மோசம். நான் ஆபீசுக்குக் கிளம்பும்போது நீங்கள் ஈசிசேரில் படுத்து மோட்டுவளையைப் பார்த்துக்கொண்டிருப்பீர்கள். அந்த மூஞ்சியைத் தினமும் காலையில் பார்க்க என்னால் ஆகாது.

கேஸ் தோற்றால் தோற்கட்டும். நீங்களாகத் தோற்க வேண்டாம். வாபஸ் வாங்கினால் மரத்தை நீங்கள்தான் தின்றீர்கள் என்று எல்லாருமே சொல்வார்கள்.

பதினாறாம் தேதி வரைக்கும் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். ஏன் என்று கேட்க வேண்டாம். நானும் கட்சிக்காரிதானே, எனக்கும் ஒரு வாய் உண்டு.

உலகு


சென்னை,
17.10.1997

என் உலகுக்கு,

எழும்பூரில் ரயில் கிளம்புகிற வரைக்கும் உன்னைத் தேடினேன். நீ பெண்கள் பெட்டியில் ஏறிவிட்டாய் என்று தேவபிச்சை ஜன்னல் வழியாகக் கத்தினார். வக்கீல் என்னை அரை மணி நேரம் பிடித்து வைத்துக்கொண்டார். அவர் என்ன பேசினார் என்று எனக்கு ஒரு வார்த்தை ஞாபகமில்லை.

நேற்று நம் கேஸைக் கூப்பிட்டார்கள். ஆறு பேருடைய வக்கீல் எழுந்து என் தகுதியின்மையை வாசிக்க ஆரம்பித்தார். அப்போது குமாஸ்தா, ஒன்பதாவது எதிர்மனுதாரர் நேரில் வந்திருக்கிறார் என்றார். நான் யாரோ என்றுதான் திரும்பிப் பார்த்தேன். கத்திரிப்பூ சுங்குடிச் சேலையோடு நீ எழுந்து நிற்கிறாய். அதன்பின் நடந்ததை அப்படியே எழுதி வைத்துக்கொள்ளத் தோன்றுகிறது. உனக்குத் தெரிந்ததுதான், பரவாயில்லை, படி.

"உங்க வக்கீல் எங்கம்மா?" என்று ஜட்ஜ் கேட்டார்.

"வக்கீல் வைக்கலைங்கய்யா. நானே சொல்லிருதேன்."

"சொல்லுங்க."

"மனுதாரர் எனக்கு சீனியர். அவரு மெமோ முடிஞ்சா அவருக்குத்தான் மொத எடம். அதுல எனக்கு மறுப்பில்லைங்க. ஆனா அதுக்காக மத்த ஆறு பேரும் ஏன் காத்துக் கெடக்கணும்? ஒரு எடத்தக் காலியா வச்சுட்டு அந்த ஆறு பேருக்கும் குடுத்துருங்க. மெமோவ ஒரு தேதிக்குள்ள முடிக்கச் சொல்லிருங்க. அவ்வளவுதாங்கய்யா."

"காலியா வைக்கிற அந்த ஒரு இடம் யாரோடதும்மா?"

"என்னுதுதாங்கய்யா. நான்தான கடைசி."

ஜட்ஜ் பேனாவைக் கீழே வைத்தார். "மனுதாரரை உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியுங்கய்யா. எங்க வீட்டுக்காரரு."

ஹாலே சிரித்தது. அவர் சிரிக்காமல், "இதை வீட்டுலயே பேசி முடிச்சிருக்கலாமே?" என்றார்.

"அவரு வீட்டுக்கு வாரதில்லைங்கய்யா. நான்தான் வரக்கூடாதுன்னு சொல்லி வச்சிருக்கேன்."

அதற்கு அவரும் சிரித்துவிட்டார். ஆறு பேருடைய வக்கீல் கையில் இருந்த தாளை மடக்கிக்கொண்டு, எங்களுக்கு ஆட்சேபணை இல்லை என்று உட்கார்ந்தார். ஒரு இடம் காலியாக இருக்க வேண்டும், மற்ற ஆறு பேருக்குக் கொடுக்கலாம், மெமோ விசாரணையை மூன்று மாதத்துக்குள் முடிக்க வேண்டும். ஐந்து நிமிஷத்தில் உத்தரவு. ஆறு வருஷமாக யாரும் எனக்கு ஒரு தேதி சொன்னதில்லை, உலகு. நேற்றுத்தான் முதல் தடவையாகச் சொன்னார்கள்.

நான் வெளியே வந்து தூணுக்குப் பின்னால் நின்று அழுதேன். வட ஆற்காட்டுக்காரர் வந்து தோளைப் பிடித்தார். "கேஸ் போச்சா தம்பி?" என்று கேட்டார். இல்லை என்று தலையை ஆட்டினேன்.

உன் இடத்தைக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறாய். இதற்கு நான் என்ன எழுதினாலும் சரியாக வராது. தீபாவளிக்கு வரலாமா? எழுத்து மூலம் தெரிவிக்கவும்.

உன் அத்தான்


தேரியூர்,
4.11.1997

அன்புள்ள அத்தானுக்கு,

தீபாவளிக்கு வந்தீர்கள், மூன்று நாள் இருந்தீர்கள். நீங்கள் போன பிறகு நடந்ததை எழுதுகிறேன். நேரில் சொல்வதைவிட இது சுலபமாகிவிட்டது. இந்தக் கேஸால் நமக்குக் கிடைத்த பழக்கம்.

நேற்று ஆறு பேருக்கும் ஆர்டர் வந்தது. தேவபிச்சை சார் பெரிய டப்பாவில் ஸ்வீட் வாங்கிக்கொண்டு நேரே என் மேஜைக்குத்தான் வந்தார். "நான் பேசுனதெல்லாம் மனசுல வச்சுக்கிடாதீங்க அக்கா. வாயி ஒரு பக்கம் போவுது, புத்தி ஒரு பக்கம் போவுது. மொத எடுத்துக்கிடுங்க" என்றார். எடுத்துக்கொண்டேன். அவர் இனி எனக்கு மேலதிகாரி. என் செக்‌ஷனுக்கே தலைவராக வருகிறார்.

சாயந்தரம் வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டு அழுதேன். உங்களுக்காக இல்லை. எனக்காகத்தான். தியாகம் பண்ணினேன் என்று எல்லாரும் சொல்கிறார்கள், எனக்கு அந்த வார்த்தை எரிச்சலாக இருக்கிறது. என் இடத்தை உங்களுக்காகக் காலி பண்ணினேன், அது இப்போது அங்கே காலியாகவே கிடக்கிறது. நீங்களும் உட்காரவில்லை, நானும் உட்காரவில்லை. விசாரணை அதிகாரி ஒருவர் வர வேண்டும், அவருக்கு மாற்றல் வராமல் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் நான் சென்னை வரை போய்ப் பேசியது பேச்சோடு போய்விடும்.

எழுதிவிட்டேன், கொஞ்சம் லேசாக இருக்கிறது. இதற்குப் பதில் எழுத வேண்டாம்.

உலகு


மேலக்கரிசல்,
11.1.1998

அன்புள்ள உலகுக்கு,

வந்தார்கள். இந்த முறை விசாரணை அதிகாரி ஒரு அம்மா. சின்ன வயசு, கண்டிப்பான ஆள். முதல் நாள் ஃபைலைப் புரட்டிவிட்டு, "இதுல பேப்பர்தான் இருக்கு, மரத்தக் காணோமே. அந்த ஊருக்குப் போவோம்" என்றார்கள். ஆறு வருஷத்தில் இதைச் சொன்ன முதல் ஆள்.

நேற்று ஜீப்பில் நல்லமங்கலம் போனோம். மரம் நின்ற இடத்தில் இப்போது ஒரு பரோட்டாக் கடை. ஊர் கூடிவிட்டது. யாருக்குமே நான் எதற்கு வந்திருக்கிறேன் என்று தெரியவில்லை, பொண்ணு பார்க்க வந்தவனைப் பார்ப்பது போல் பார்த்தார்கள். சத்துணவு சமைக்கிற பேச்சியம்மா மட்டும் கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு முன்னால் வந்தாள்.

"எந்த மரம்? அந்தப் புளியமரமா? அத நாங்கல்லா தின்னு தீத்தோம்!"

"மரத்தத் தின்னீங்களா?" என்று விசாரணை அம்மா கேட்டார்கள்.

"வெறகாக்கிச் சோறு பொங்குனோம் தாயி. ஊரு பூராத் தண்ணி. சனம் எல்லாம் பள்ளிக்கூடத்துக்குள்ள அடஞ்சு கெடக்கு. பச்ச வெறகு, பொகையில எனக்குக் கண்ணே அவிஞ்சு போச்சு. கலெக்டரய்யா வந்தாவ. அவியளும் எங்ககூட எலையில ஒக்காந்து ஒரு வாய் சாப்புட்டாவ. சாம்பார் நல்லாருக்குன்னு சொன்னாவ. இந்த ஆர்.ஐ. அய்யாதான் பரிமாறுனாவ."

"இத ஏம்மா இத்தன வருஷமாச் சொல்லல?"

"யாரு வந்து கேட்டா?"

மெமோவுக்குக் கொடுத்த விளக்கத்தில் நானும் இதையேதான் எழுதியிருந்தேன். ஆதாரம் இல்லை என்று ஓரத்தில் யாரோ குறிப்பெழுதி வைத்திருந்தார்கள். திரும்பி வரும்போது அந்த அம்மா ஜீப்பிலேயே குறிப்பு எழுதிக்கொண்டு வந்தார்கள். மேலக்கரிசல் வந்து இறங்குகிற சமயத்தில், "அரசாங்க மரத்த அரசாங்கமே சாப்பிட்டிருக்கு. நஷ்டம் எங்க வந்துச்சு?" என்று சொல்லிவிட்டுப் போனார்கள்.

அறைக்கு வந்து படுத்தவன் காலையில்தான் எழுந்தேன். நடுவில் ஒரு முழிப்புக்கூட இல்லை. இதற்கு முன் எப்போது அப்படித் தூங்கினேன் என்று எனக்கே தெரியாது.

அறிக்கை போக வேண்டும், கலெக்டர் கையெழுத்துப் போட வேண்டும். தேர்தல் அறிவிப்பு வந்துவிட்டது, அதுதான் ஒரே பயம்.

உன் அத்தான்


தேரியூர்,
12.3.1998

அன்புள்ள அத்தானுக்கு,

இந்த உறையை மூன்று தடவை எழுதினேன். திரு. ப. குற்றாலிங்கம், மண்டலத் துணை வட்டாட்சியர். முதல் தடவை வரி கோணிவிட்டது. இரண்டாவது தடவை பழக்கதோஷத்தில் உதவியாளர் என்று எழுதிவிட்டேன். இதுதான் சரியாக வந்தது. தபால்காரர் படிக்கட்டும் என்று கொட்டை எழுத்தில் எழுதியிருக்கிறேன்.

தேர்தல் என்று எல்லா ஃபைலையும் கட்டி ஓரத்தில் வைத்துவிட்டார்கள். ஓட்டுப்பெட்டி டியூட்டியில் இருந்தபோதுகூட வேண்டாத தெய்வமில்லை. எண்ணிக்கை முடிந்த மறுநாளே தேவபிச்சை சார் ஃபைலைத் தானே கையில் எடுத்துக்கொண்டு மாடிக்கும் கீழுக்கும் அலைந்தார். மூச்சிரைக்க வந்து, "அக்கா, மெமோ ரத்து! குற்றச்சாட்டு நிரூபணமாகலைன்னு போட்டாச்சு! மொத எடத்துல சேத்தாச்சு! மேலக்கரிசல்லயே போஸ்டிங்கும் போட்டாச்சு!" என்று கத்தினார். செக்‌ஷனே எழுந்துவிட்டது. எனக்கு சுகிர்தாதான் தண்ணீர் கொண்டுவந்தாள்.

எனக்கு இப்போது பொறாமை கிறாமை ஒன்றும் இல்லை. இருக்கும் என்றுதான் நினைத்திருந்தேன். தேடிப் பார்த்தேன், இல்லை. நிம்மதியாக இருக்கிறது. ஜூனோடு பேனல் முடிந்தால் முடியட்டும். எனக்கு இன்னும் சர்வீஸ் இருக்கிறது, அடுத்த பேனலில் வராமலா போய்விடும்?

நாற்காலி எப்படி இருக்கிறது, எழுதுங்கள். கால் எட்டுகிறதா?

உலகு


மேலக்கரிசல்,
22.4.1998

அன்புள்ள உலகுக்கு,

உனக்கு இன்னும் தகவல் வந்திருக்காது. நகல் இங்கேதான் முதலில் வந்தது. காலைத் தபாலைப் பிரித்த ரெக்கார்டு கிளார்க் படித்துவிட்டு என்னையும் தாளையும் மாறி மாறிப் பார்த்தான். அப்புறம் என் முன்னால் வைத்துவிட்டுப் போனான்.

ஏப்ரல் முப்பது பிற்பகல் திரு. ப. குற்றாலிங்கம் ஓய்வு பெறுவதால் ஏற்படும் காலியிடத்தில், நடப்புப் பேனலில் எஞ்சியுள்ள திருமதி ஆ. உலகம்மாள், மேலக்கரிசல் மண்டலத் துணை வட்டாட்சியராக நியமிக்கப்படுகிறார்.

இந்தக் கணக்கை நம்மில் யாருமே போடவில்லை. வக்கீல் போடவில்லை, ஆறு பேரும் போடவில்லை. நீகூடப் போடவில்லை. ஏன் தெரியுமா? ஒரு சர்வீஸ் கேஸ் ரிட்டையர் ஆவதற்கு முன்னால் முடியும் என்று யாருக்குத் தோன்றும்? நான் துணை வட்டாட்சியராக ஓய்வு பெற்றால்தான் இந்த இடம் காலியாகும். நான் ஜெயித்ததால்தான் உனக்குக் கிடைத்தது. அன்றைக்கு நீ வாபஸ் வாங்க விட்டிருந்தால் நமக்குள் எந்நாளும் ஒரு முள் கிடந்திருக்கும். திட்டி எழுதினாய், நல்லதாயிற்று.

கணவன் மனைவிக்கு ஒரே ஊரில் வேலை கொடுங்கள் என்று எத்தனை வருஷமாக மனு எழுதினோம். கொடுத்துவிட்டார்கள், நான் போகிற அன்றைக்கு. எனக்கு வருத்தமில்லை. அறையைக் காலி பண்ணப் போவதில்லை என்று வீட்டுக்காரரிடம் சொல்லிவிட்டேன். பெரிய வீடாக ஒன்று பார்க்கும் வரை அதிலேயே இருந்துகொள்வோம். மறுநாள் மே தினம், ஊருக்கே லீவு. நான் வேலையில்லாதவன் என்று ஒருநாள் கழித்துத்தான் எனக்கே தெரியவரும்.

நேற்று தாசில்தார் கூப்பிட்டார். வழியனுப்பு விழாவுக்கு எல்லா ஏற்பாடும் பேசினார். கடைசியில் தலையைச் சொறிந்தார்.

"அண்ணாச்சி, ஒரு சிக்கல். வழக்கமா ஃபங்ஷன் முடிஞ்சதும் மாலையோட ஜீப்புல ஏத்திக் கூட்டிட்டுப் போயி, வீட்டு வாசல்ல அம்மாகிட்ட ஒப்படைச்சிட்டு வருவோம். இங்க அம்மாவே உங்க நாற்காலில உக்காரப் போறாங்க. வீட்டுல ஆள் இல்ல. உங்கள யார்கிட்டப் போயி நாங்க ஒப்படைக்க?"

நான் சொன்னேன்: "ஜீப்பெல்லாம் எதுக்கு சார்? அன்னைக்கு நான் அவகிட்டப் பொறுப்ப ஒப்படைச்சுக் கையெழுத்து வாங்கணும்லா? அந்தத் தாள்லயே என்னையும் சேத்து எழுதிருங்க. ரெண்டையும் அவ வாங்கிக்கிடுவா."

உன் அத்தான்